மாணவராய்ப் புறப்பட்ட மக்கள் தலைவர்

(மூன்றாம் ஆண்டு, வரலாற்றுத் துறை)

காரைக்காலில் இன்றும் சில வீடுகளைச் சுட்டிச் சொல்தா வீடு என்று பெரியவர்கள் கூறக் கேட்டிருப்பீர்கள். பிரெஞ்சுப் படையில் பணியாற்றி, ஓய்வூதியம் பெற்று வந்தவர்களின் வீடுகள் அவை. சைகோனில் வேலை, பாரீசில் அண்ணன், மாதந்தோறும் பிராங்கில் பணம் என்று வாழ்ந்த குடும்பங்கள் நம் ஊரில் பல. பிரெஞ்சு ஆட்சியில் பள்ளிக்கூடம் என்பது அந்தக் கப்பலில் ஏறுவதற்கான படிக்கட்டு. பிரவே தேர்வில் தேறிய பிள்ளைக்கு இந்தோசீனாவில் எழுத்தர் பணியோ, சுங்க இலாகாவில் ஒரு நாற்காலியோ கிடைக்கும் என்ற நம்பிக்கை பெற்றோர்க்கு இருந்தது. அந்த நம்பிக்கையில் பொய்யில்லை. பலருக்குக் கிடைக்கவும் செய்தது.

இதை முதலில் கூறுவதற்குக் காரணம் உண்டு. பக்கத்திலிருந்த ஆங்கிலேய இந்தியாவில் ஒரு மாணவன் கதர் கட்டிக்கொண்டு பள்ளியை விட்டு வெளியேறினால் அவனுக்கு மாலையிட ஒரு கூட்டம் காத்திருந்தது. பிரெஞ்சிந்தியாவில் அப்படியன்று. இங்கே எதிர்த்து நின்ற மாணவன் தன் படிப்பை மட்டுமல்ல, தன் குடும்பமே பார்த்துக்கொண்டிருந்த கப்பலையும் சேர்த்து இழந்தான். சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் ஆகிய மூன்று சொற்களையும் பள்ளிச் சுவரில் எழுதி வைத்திருந்த ஆட்சியை எதிர்ப்பது எப்படி என்பதே அவனுக்கு விளங்காத நிலை. அந்த நிலையில் மாணவப் பருவத்திலேயே எதிர்த்து நின்று, பின்னர்ப் பிரெஞ்சிந்தியா முழுமைக்கும் தலைவராய் உயர்ந்தவர் வ. சுப்பையா. மக்கள் தலைவர் என்ற அடைமொழியோடுதான் அவர் பெயரைப் புதுவை மாநிலத்தில் எழுதுவது வழக்கம்.

புதுச்சேரியில் 1911-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 7-ஆம் நாள் பிறந்தவர் சுப்பையா. அவர் பிறந்த காலத்தில் புதுச்சேரி எப்படி இருந்தது என்பதை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். பாரதியார் 1908-ஆம் ஆண்டிலேயே அங்கு வந்துவிட்டார். அரவிந்தர் 1910-ல் வந்தார். வ.வே.சு. ஐயரும் அங்கேயே தங்கினார். ஆங்கிலேயரின் கைக்குத் தப்பி வந்தவர்க்கெல்லாம் அடைக்கலம் கொடுத்த ஊர் அது. பிரெஞ்சு ஆட்சி வேண்டுமென்று கொடுத்த அடைக்கலமா, ஆங்கிலேயர்மீதிருந்த பகையால் கிடைத்த அடைக்கலமா என்பது வேறு கேள்வி. பாரதியார் 1918-ல் புதுவையை விட்டுச் சென்றபோது சுப்பையாவுக்கு வயது ஏழு. அந்தப் பெரியவர்களைக் கண்டு வளர்ந்தவர் என்று கூறுவதைவிட, அவர்கள் விட்டுச் சென்ற பேச்சைக் கேட்டு வளர்ந்தவர் என்று கூறுவதே பொருந்தும்.

அவர் பயின்றது கலவைக் கல்லூரியில். பெயர் கல்லூரியே தவிர, நடந்தது பள்ளிப் படிப்புத்தான். கலவை சுப்பராய செட்டியார் என்ற வள்ளலின் கொடையால் 1877-ஆம் ஆண்டு உருவான நிறுவனம் அது. பாவேந்தர் பாரதிதாசன் தமிழ் பயின்றதும் அங்கேதான். (அந்தப் பாவேந்தர் முதன்முதலாக ஆசிரியப் பணி ஏற்றது நம் காரைக்காலை அடுத்த நிரவியில் என்பதை இங்கே ஒரு பெருமைக்காகச் சொல்லி வைக்கிறேன்.) கலவைக் கல்லூரியில் மாணவராக இருந்தபோதே ஒரு வேலைநிறுத்தத்தில் முன்னின்றவர் சுப்பையா. பிரெஞ்சு அரசின் நேரடிப் பார்வையில் இருந்த பள்ளியில் மாணவர்கள் வகுப்பை விட்டு வெளியே வந்து நிற்பது அந்நாளில் சிறு செயலன்று. பதினேழு, பதினெட்டு வயதில் நம்மில் பலர் விடுதி உணவு சரியில்லை என்று முணுமுணுப்பதோடு நிறுத்திக்கொள்கிறோம்.

ஆனால் இதில் நாம் கவனிக்க வேண்டியது அந்த வேலைநிறுத்தத்தையன்று. அதற்குப் பின் அவர் செய்ததைத்தான். மாணவக் கிளர்ச்சியில் முன்னின்ற பலர் பட்டம் பெற்றதும் அடங்கிவிடுவர். சுப்பையா அடங்கவில்லை. 1931-ஆம் ஆண்டில் நண்பர்களைச் சேர்த்து ஒரு வாலிபர் சங்கத்தை ஏற்படுத்தினார். அப்போது அவருக்கு வயது இருபது. படிப்பகம், பேச்சுப் பயிற்சி, சேரிகளுக்குச் சென்று பணியாற்றுவது என்று அச்சங்கத்தினர் இயங்கினர். புதுவையில் அன்று அரசியல் என்பது தேர்தல் நாளில் அடியாட்களை வைத்துக்கொண்டு வாக்குப் பெட்டியை நிரப்பும் தொழிலாக இருந்தது. பெருநிலக்காரரும் வணிகரும் கவர்னர் மாளிகையின் தயவைப் பெற்றுக் கட்சி நடத்தினர். அத்தகைய ஊரில் கையில் காசில்லாத இருபது வயது இளைஞர்கள் ஒரு சங்கம் தொடங்கினால் அதைப் பார்த்து அஞ்சுவார் எவரும் இலர். அஞ்சாதிருந்ததே அவர்கள் செய்த தவறு.

அரிசன சேவைப் பணியில் சுப்பையா ஈடுபட்டது 1933-ஆம் ஆண்டு வாக்கில். அதன் பயனாகவே 1934-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 17-ஆம் நாள் காந்தியடிகள் புதுச்சேரிக்கு வந்தார். தீண்டாமை ஒழிப்புக்காக நாடெங்கும் சுற்றிவந்த அந்தப் பயணத்திலேயே அவர் காரைக்காலுக்கும் வந்தார். பிரெஞ்சு மண்ணில் காந்தியடிகளை வரவேற்க முன்வந்தோர் பெரும்பாலும் இளைஞர்களே. பெரிய மனிதர்கள் பலருக்குக் கவர்னர் என்ன நினைப்பாரோ என்ற கவலை.

அதே ஆண்டு ஜூன் திங்களில் சுப்பையா ஒரு பத்திரிகை தொடங்கினார். அதன் பெயர் ‘சுதந்திரம்’. அப்போது அவருக்கு வயது இருபத்துமூன்று. ஆண்டு மலருக்குக் கட்டுரை வாங்கவே நம் மலர்க் குழுவினர் படும் பாட்டை நான் அருகிலிருந்து பார்க்கிறேன். அச்சுக்கூலிக்குப் பணமில்லாமல், விளம்பரம் தருவார் இல்லாமல், ஆட்சியாளரின் பகையையும் சுமந்துகொண்டு ஒரு பத்திரிகையை நடத்துவது என்றால் அதற்கு வேறு நெஞ்சுரம் வேண்டும். அந்தப் பத்திரிகைதான் அவரை ஆலைத் தொழிலாளரிடம் கொண்டு சேர்த்தது.

புதுச்சேரியில் அக்காலத்தில் மூன்று பெரிய பஞ்சாலைகள் இருந்தன. சவானா ஆலை, ரோடியர் ஆலை, கெப்ளே ஆலை என்பன அவை. பிற்காலத்தில் இவை சுதேசி மில், ஏ.எஃப்.டி. மில், பாரதி மில் என்ற பெயர்களில் நாமெல்லாம் அறிந்தவை. அவற்றில் தொழிலாளர்கள் நாளொன்றுக்குப் பத்து மணி நேரத்துக்கும் மேலாக உழைத்தனர். பெண்களும் சிறுவர்களும் இரவு வேலையிலும் இருந்தனர். சங்கம் வைக்கும் உரிமை கிடையாது. பிரான்சில் ஒரு தொழிலாளிக்குச் சட்டப்படி இருந்த உரிமை எதுவும் அதே பிரான்சின் கொடி பறந்த புதுச்சேரியில் தொழிலாளிக்கு இல்லை.

சுப்பையாவின் அறிவுக்கூர்மை வெளிப்படும் இடம் இதுதான் என்று நான் கருதுகிறேன். அவர் பிரெஞ்சு ஆட்சியை எதிர்க்கப் பிரெஞ்சுக்காரரின் சட்டத்தையே கையில் எடுத்தார். நீங்கள் எங்களைப் பிரெஞ்சுக் குடிமக்கள் என்று சொல்கிறீர்கள். அப்படியானால் பாரீசில் இருக்கும் தொழிலாளர் சட்டம் இங்கே எங்கே என்று கேட்பதுதான் அவர் போராட்டத்தின் அடிப்படை. பள்ளியில் கற்ற பிரெஞ்சுப் புரட்சி வரலாற்றை அதைக் கற்பித்தவர்களுக்கே திருப்பிக் காட்டிய மாணவர் அவர். இதற்கு விடை கூறுவது ஆட்சியாளருக்கு எளிதாக இல்லை.

சவானா ஆலையில் 1935-ஆம் ஆண்டு பிப்ரவரியில் வேலைநிறுத்தம் தொடங்கிப் பல வாரங்கள் நீடித்தது. அதன்பின் மற்ற ஆலைகளிலும் கிளர்ச்சி பரவியது. அடுத்த ஆண்டில் உலக நிலையும் மாறியது. 1936-ஆம் ஆண்டு ஜூன் திங்களில் பிரான்சில் லெயோன் புளும் தலைமையில் மக்கள் முன்னணி அரசு அமைந்தது. ஆலைகளுக்குள் அமர்ந்து போராடிய பிரெஞ்சுத் தொழிலாளருக்கு வாரத்திற்கு நாற்பது மணி நேர வேலையும், ஊதியத்தோடு கூடிய விடுமுறையும் அந்த அரசின் காலத்தில் கிடைத்தன. அந்தச் செய்தி கப்பலேறிப் புதுச்சேரிக்கு வந்தபோது இங்குள்ள தொழிலாளர் வாளா இருப்பரோ? அவர்களும் ஆலைக்குள்ளேயே அமர்ந்து போராடினர்.

1936-ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 30-ஆம் நாள். சவானா ஆலையை நோக்கிப் படையினர் சென்றனர். கவர்னராக இருந்தவர் சொலொமியாக். உள்ளே இருந்த தொழிலாளர்மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. பன்னிரண்டு பேர் உயிரிழந்தனர். பலர் காயமுற்றனர். ஆலையின் ஒரு பகுதி தீக்கிரையானது.

இந்நிகழ்ச்சியை நம் பாடநூலில் ஓரிரு வரிகளில் கடந்துவிடுகிறோம். எனக்கு இதில் ஒரு செய்தி மிகவும் உறுத்துகிறது. தொழிலாளரின் வாக்கைப் பெற்றுப் பாரீசில் ஓர் அரசு அமைந்து இரண்டு மாதங்கூட நிறையவில்லை. அந்த அரசின் கொடிக்குக் கீழேயே தொழிலாளர் சுடப்பட்டனர். நல்ல எண்ணம் கொண்ட அரசு தலைநகரில் அமைந்தால் மட்டும் போதாது, கடல் கடந்த ஊரில் துப்பாக்கி எவர் கையில் இருக்கிறது என்பதையும் பார்க்க வேண்டும் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுவதில்லை. அன்று சுப்பையாவுக்கு வயது இருபத்தைந்து. நம் கல்லூரியில் ஆய்வு செய்யும் அண்ணன்மார் சிலருடைய வயது. தாம் அழைத்துவந்த போராட்டத்தில் பன்னிருவர் மாண்டனர் என்ற சுமையை அந்த வயதில் அவர் ஏற்க வேண்டியிருந்தது.

அத்தகைய நேரத்தில் ஒருவர் இரண்டில் ஒன்றைச் செய்வார்: சினங்கொண்டு எரிவார், அல்லது ஒதுங்கிவிடுவார். சுப்பையா இரண்டையும் செய்யவில்லை. துப்பாக்கிச் சூட்டின் எதிரொலி பிரான்சிலும் இந்தியாவிலும் கேட்கும்படிச் செய்தார். அவ்வாண்டு அக்டோபரில் நேரு புதுச்சேரிக்கு வந்தார். அடுத்த ஆண்டு சுப்பையா பிரான்சுக்கே சென்று குடியேற்ற நாட்டுத் தொழிலாளரின் வழக்கை எடுத்துரைத்தார். குடியேற்ற நாடுகளின் அமைச்சராக அப்போது இருந்தவர் மரியுஸ் மூத்தே. 1937-ஆம் ஆண்டு ஏப்ரல் 6-ஆம் நாள் பிரெஞ்சிந்தியத் தொழிலாளருக்கான ஆணை பிறப்பிக்கப்பட்டது. எட்டு மணி நேர வேலை சட்டமாயிற்று. தொழிற்சங்கம் அமைக்கும் உரிமை கிடைத்தது. பெண்களையும் சிறுவர்களையும் வேலையில் அமர்த்துவதற்குக் கட்டுப்பாடுகள் வந்தன. ஆசியாவிலேயே எட்டு மணி நேர வேலை முதன்முதலில் புதுச்சேரியில்தான் கிடைத்தது என்று தொழிற்சங்கத்தார் மேடைகளில் பெருமையோடு கூறுவர். முதலாவதா இரண்டாவதா என்ற கணக்கை வரலாற்றுப் பேராசிரியர்களிடம் விட்டுவிடுவோம். அதே நாளில் எல்லைக்கு அந்தப்புறம் கடலூரிலும் நாகையிலும் இருந்த தொழிலாளிக்கு அந்தச் சட்டம் இல்லை என்பது உறுதி.

இதன்பின் அவர் வாழ்க்கை சிறையும் நாடுகடத்தலுமாகக் கழிந்தது. பிரெஞ்சு எல்லைக்குள் இருந்தால் பிரெஞ்சுக் காவலர், எல்லையைத் தாண்டினால் ஆங்கிலேயக் காவலர் என்று இரண்டு அரசுகளும் அவரைத் துரத்தின. வேலூர்ச் சிறையிலும் அவர் இருந்திருக்கிறார். காரைக்கால்காரர்களுக்கு இந்த எல்லை விளையாட்டு நன்றாகப் புரியும். வடக்கே நண்டலாற்றைக் கடந்தால் ஓர் அரசு, தெற்கே வாஞ்சூரைத் தாண்டினால் ஓர் அரசு, நடுவில் நாம். புதுச்சேரிக்குப் போக வேண்டுமானால் அன்றும் தரங்கம்பாடி, சீர்காழி, சிதம்பரம், கடலூர் என்று அயல் நாட்டு வழியேதான் போக வேண்டும். ஒரே மொழி பேசி, ஒரே காவிரி நீரைக் குடித்து, ஒருவர் வீட்டில் மற்றவர் பெண்ணெடுத்து வாழ்ந்த மக்களுக்கு நடுவே 1739-ஆம் ஆண்டு முதல் வந்து நின்ற கோடு அது.

1942-ஆம் ஆண்டில் பிரெஞ்சிந்தியாவில் பொதுவுடைமைக் கட்சி அமைந்தபோது அதன் தலைவர் சுப்பையா. இரண்டாம் உலகப் போர் முடிந்தபின் 1946-ஆம் ஆண்டுத் தேர்தல்களில் அவர் முன்னின்று உருவாக்கிய தேசிய ஜனநாயக முன்னணி பெரும்பான்மை பெற்றது. அம்முன்னணியின் சார்பில் லாம்பேர் சரவணன் பிரெஞ்சு நாடாளுமன்ற உறுப்பினரானார். சுப்பையா 1947-ஆம் ஆண்டில் பிரெஞ்சு மேலவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். கலவைக் கல்லூரியில் வகுப்பை விட்டு வெளியேறிய மாணவர், பாரீசில் லுக்சம்பூர் மாளிகையில் போய் அமர்ந்தார். வாக்குப் பெட்டியைத் தடியால் நிரப்பிய கட்சிகள் அத்தேர்தலில் விழுந்த அடியிலிருந்து எழச் சில காலம் ஆயிற்று.

இனி நான் கூறப்போவது சிலருக்குக் கசக்கலாம். 1947-ஆம் ஆண்டு ஆகஸ்டில் இந்தியா விடுதலை பெற்றது. பிரெஞ்சிந்தியா பெறவில்லை. உடனே இந்தியாவோடு இணைய வேண்டும் என்று உரத்துக் கேட்டவர்களில் முன்வரிசையில் நின்றோர் மாணவர்களே. மாணவர் காங்கிரஸ் என்ற அமைப்பு புதுச்சேரியிலும் நம் காரைக்காலிலும் இயங்கியது. மூவண்ணக் கொடியைக் கையில் ஏந்தியதற்காகவே அடிபட்ட பிள்ளைகள் உண்டு. அந்த வேளையில் சுப்பையாவின் கட்சி அவர்களோடு முழுமையாக நிற்கவில்லை. பிரெஞ்சு ஆட்சியின் பிடி தளர வேண்டும், மக்களுக்குத் தன்னாட்சி வேண்டும் என்று கூறிய அக்கட்சி, உடனடி இணைப்பு என்பதில் தயங்கியது. 1948-ஆம் ஆண்டில் இந்தியப் பொதுவுடைமைக் கட்சிக்கும் நேருவின் அரசுக்கும் இடையே இருந்த பகையும் அதற்கு ஒரு காரணம். பின்னர் அந்த நிலையைக் கட்சி மாற்றிக்கொண்டது.

சென்ற ஆண்டு எங்கள் துறையில் இது பற்றி ஒரு விவாதம் நடந்தது. சுப்பையாவின் தயக்கம் துரோகம் என்று ஒரு நண்பர் வாதிட்டார். தொழிலாளருக்குக் கிடைத்த உரிமைகள் இணைப்பால் பறிபோகுமோ என்ற அச்சம் நியாயமானதே என்று ஒரு தோழி மறுத்தார். என் எண்ணம் இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. பதினேழு வயதில் தம் மூத்தோரின் தயக்கத்தைக் கண்டு வெகுண்டவர், முப்பத்தாறு வயதில் தாமே தயங்கும் மூத்தோராக மாணவர் கண்ணுக்குத் தெரிந்தார். அவரிடம் கேட்டிருந்தால் காரணம் சொல்லியிருப்பார். அவருடைய மூத்தோரும் 1928 வாக்கில் காரணம் வைத்திருந்திருப்பர். இதனால் அவர் புகழ் எனக்குக் குறைந்து தோன்றவில்லை. ஆனால் விழா மேடைகளில் இப்பகுதியை மட்டும் விட்டுவிட்டுப் பேசும் வழக்கம் எனக்கு உடன்பாடன்று.

தயங்கியதற்கு அவர் விலையும் கொடுத்தார். இணைப்பை விரும்பியவர்கள் அவரை நம்பவில்லை. பிரெஞ்சு ஆட்சியைத் தாங்கி நின்றவர்கள் அவரை என்றுமே விட்டுவைத்ததில்லை. 1950-ஆம் ஆண்டு ஜனவரியில் ஒரு வன்முறைக் கும்பல் புதுச்சேரியில் இருந்த அவர் வீட்டைத் தீயிட்டுக் கொளுத்தியது. அவ்வாண்டுகளில் புதுவையின் தெருக்களில் இருட்டிய பின் நடமாட அஞ்சிய காலம் என்று கூறுவர்.

காரைக்காலில் அன்றைய நிலை என்ன? 1949-ஆம் ஆண்டில் சுங்க உடன்பாட்டை இந்திய அரசு முடித்துக்கொண்டபின் நம் ஊரைச் சுற்றிச் சாவடிகள் முளைத்தன. என் பாட்டனார் அப்போது சிறுவர். நாகூருக்குத் தம் அத்தை வீட்டிற்குப் போகும்போது வாஞ்சூரில் மூட்டையை அவிழ்த்துக் காட்டிவிட்டுத்தான் போக வேண்டும் என்றும், ஒரு முறை பொங்கலுக்குக் கொண்டுபோன புது வேட்டியைப் பிரித்து உதறிப் பார்த்தார்கள் என்றும் அவர் கூறுவார். திருநள்ளாற்றுக்குச் சனிப்பெயர்ச்சிக்கு வருவோர்க்கும் அந்தச் சோதனை இருந்ததாம். அரிசியும் மண்ணெண்ணெயும் ஒருபுறம் செல்ல, வெளிநாட்டுச் சரக்கு மறுபுறம் வரும். கடத்தலால் சிலர் மாடி வீடு கட்டினர். சாதாரண மக்களோ விலைவாசியால் வாடினர். இணைப்பு என்பது மாணவர்க்குக் கொடியின் பிரச்சினை, எங்கள் வீட்டுப் பெண்களுக்கு மண்ணெண்ணெயின் பிரச்சினை என்று என் பாட்டனார் சிரிப்பது வழக்கம்.

1954-ஆம் ஆண்டில் போராட்டம் முற்றியது. சுப்பையா இப்போது முழு மூச்சாக விடுதலைக்கு நின்றார். முன்பு தம்மை எதிர்த்தவர்களோடும் ஒரே திசையில் நடந்தார். எல்லைப்புற ஊர்களில் தொண்டர்கள் திரண்டனர். ஜூன் திங்களில் ஏனாமும், ஜூலையில் மாகியும் பிரெஞ்சுப் பிடியிலிருந்து விடுபட்டன. அக்டோபர் 18-ஆம் நாள் கீழூர் என்ற சிற்றூரில் புதுச்சேரி, காரைக்கால் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி வாக்களித்தனர். 170 பேர் இந்தியாவோடு இணைவதை ஆதரித்தனர். 8 பேர் எதிர்த்தனர். நவம்பர் முதல் நாள் ஆட்சி கைமாறியது. 1956-ஆம் ஆண்டு மே 28-ல் உடன்படிக்கை கையெழுத்தாகியும், பிரெஞ்சு நாடாளுமன்றம் அதை ஏற்றுச் சட்டப்படி ஒப்படைக்க 1962-ஆம் ஆண்டு ஆகஸ்டு 16 வரை ஆயிற்று. அல்ஜீரியாவில் போர் நடந்துகொண்டிருந்த காலம் அது. ஒரு குடியேற்ற நாட்டை எழுத்து மூலம் விட்டுக்கொடுத்தால் மற்றதற்கும் முன்மாதிரியாகிவிடும் என்று பிரான்சில் பலர் அஞ்சினர். அல்ஜீரியா விடுதலை பெற்ற அதே கோடையில்தான் நம் ஒப்படைப்பும் முடிந்தது என்பதை நம்மில் எத்தனை பேர் கவனித்திருக்கிறோம்?

விடுதலைக்குப் பின் சுப்பையா சட்டமன்றத்தில் பல்லாண்டுகள் பணியாற்றினார். பெரும்பாலும் எதிர்க்கட்சி வரிசை. 1969-ஆம் ஆண்டில் பாரூக் தலைமையில் அமைந்த கூட்டணி ஆட்சியில் அமைச்சராகவும் இருந்தார். இப்பகுதியை நான் சுருக்கமாகவே கூறுகிறேன். பதவி வந்தபின் ஒருவர் செய்தவை அரசிதழில் கிடைக்கும். பதவி வருமென்ற நம்பிக்கையே இல்லாதபோது அவர் செய்தவற்றைத்தான் நாம் தேடிப் படிக்க வேண்டியிருக்கிறது. அவர் துணைவியார் சரஸ்வதி அம்மையாரும் பொதுவாழ்வில் இருந்தவர். அவரைப் பற்றித் தனியே ஒரு கட்டுரை எழுத வேண்டும், அதை எங்கள் வகுப்புத் தோழிகளில் ஒருவர் அடுத்த மலருக்கு எழுதுவார் என எதிர்பார்க்கிறேன்.

முதுமையில் அவர் பிரெஞ்சிந்திய விடுதலைப் போராட்டத்தின் வரலாற்றைத் தம் நினைவிலிருந்து நூலாக எழுதினார். போராடியவரே எழுதிய வரலாறு ஆதலால் அதில் அவர் பக்கத்து நியாயம் ஓங்கி ஒலிக்கும். அதைப் படிப்போர் மற்றவர் எழுதியவற்றையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டும் என்று எங்கள் பேராசிரியர் வற்புறுத்துவார். ஆயினும் தேதியும் இடமும் பெயரும் குறித்து வைக்கும் பழக்கம் அவருக்கு இருந்திராவிட்டால் சவானா ஆலைத் தொழிலாளரைப் பற்றி நமக்கு இத்தனை தெரிந்திராது. பிரெஞ்சு அரசின் கோப்புகளில் அவர்கள் கலகக்காரர்கள் என்ற ஒரே சொல்லுக்குள் அடங்கிப் போயிருப்பார்கள்.

சுப்பையா 1993-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 12-ஆம் நாள் மறைந்தார். அப்போது அவருக்கு வயது எண்பத்திரண்டு.

அவர் எந்த ஆலைகளின் வாயிலில் நின்று பேசினாரோ அந்த ஆலைகள் 2020-ஆம் ஆண்டோடு மூடப்பட்டுவிட்டன. அவற்றில் வேலை பார்த்த குடும்பங்களின் பிள்ளைகள் நம்மைப் போலவே அரசுக் கல்லூரிகளில் படிக்கின்றனர். எட்டு மணி நேர வேலை என்ற சட்டம் இன்னும் இருக்கிறது. அந்தச் சட்டம் எட்டாத வேலைகள் பெருகிவிட்டன. விடுமுறையில் சென்னைக்குச் சென்று கடைகளில் வேலை பார்க்கும் நம் நண்பர்கள் காலை ஒன்பது மணி முதல் இரவு பத்து மணி வரை நின்றுகொண்டே இருப்பதாகக் கூறுகின்றனர். உட்கார நாற்காலி கொடுக்க வேண்டும் என்று தமிழ்நாட்டில் 2021-ஆம் ஆண்டில் ஒரு சட்டத் திருத்தமே கொண்டுவர வேண்டியதாயிற்று.

புதுச்சேரிக்குச் செல்லும் நண்பர்களுக்கு ஒரு செய்தி. ரயில் நிலையத்தின் முன்னே செல்வது சுப்பையா சாலை. அங்கிருந்து நடந்தே மிஷன் வீதிக்குப் போய்விடலாம். கலவைக் கல்லூரியின் பழைய கட்டடம் அவ்வீதியில்தான் இருக்கிறது. இப்போதும் அங்கே பள்ளி நடக்கிறது. நான் சென்றிருந்தபோது மாலை மணி அடித்து மாணவர்கள் வெளியே வந்துகொண்டிருந்தனர். சுதேசி ஆலையின் பக்கம் போக விரும்புவோர் ஜூலை 30-ஆம் நாளில் செல்வது நல்லது. அன்று காலையில் தொழிற்சங்கத்தார் ஊர்வலமாக வந்து அந்தப் பன்னிருவருக்கு மாலை அணிவிப்பர். காரைக்காலிலிருந்து விடியற்காலைப் பேருந்தைப் பிடித்தால் நேரத்துக்குப் போய்ச் சேரலாம்.